ஒன்லைன்ல எடுத்த வயலின் செற்: வாங்கலாம், ஆனா வந்த கையோட வாசிக்கேலாது

அக்காவின்ர மகள் வட இலங்கை சங்கீத சபைச் சோதனைக்கு வயலின் எடுக்கிறாள், இனி முழு சைஸ் வேணும் எண்டு மிஸ் சொல்லிட்டா, அதால கொழும்பில இருக்கிற ஒரு ஒன்லைன் கடையில பெட்டி, வில்லு, ரொசின் (வில்லு மயிரில தேய்க்கிற பிசின் கட்டி), ஷோல்டர் ரெஸ்ட் (தோளில வைக்கிற தாங்கி) எல்லாம் சேத்து 30,000 ரூபாய்க்குக் கொஞ்சம் குறைவா ஒரு செற் எடுத்தனாங்கள். கடைப் பேர் போடேல்ல, இதே சைனாச் சாமான ஆளாளுக்கு ஒவ்வொரு பேரில விக்கினம், ஆரிட்ட எடுத்தாலும் கிட்டத்தட்ட இதுதான் வரும். திருகோணமலையில இருந்து வாங்க யோசிக்கிறாக்கள் இதை வாசிச்சிட்டு வாங்குங்கோ, ஏனெண்டா நான் பாத்த ரிவியூ ஒண்டிலயும் எங்கட காத்தைப் பற்றி ஒரு வரி இல்ல.

முதல்ல நல்லதச் சொல்லுறன். மேல் பலகை உண்மையான ஸ்ப்ரூஸ் மரம். எஃப் மாதிரி இருக்கிற ஓட்டையின்ர விளிம்ப லைற் அடிச்சுப் பாருங்கோ, மரத்தின்ர ரேகை மேல இருந்து உள்ளுக்க வரைக்கும் ஒரே கோடா இறங்கினா முழுப்பலகை, பாண் வெட்டின மாதிரி அடுக்கடுக்காத் தெரிஞ்சா ப்ளைவூட், உடன திருப்பி அனுப்புங்கோ. பின்பலகை மேப்பிள், வரிவரியா வடிவா இருக்கு. உள்ளுக்க ஒரு லேபிள், ‘ஸ்ட்ராடிவாரியஸ், கிரெமோனா’ எண்டு! அந்தப் பேர்போன இத்தாலி வயலின் செய்யிற மனிசன் 1737இல செத்திட்டார். 19ஆம் நூற்றாண்டில இருந்தே ஃபக்டரி வயலினுக்கு இந்த லேபிள ஒட்டிறது வழக்கம்தான், அவற்ற அச்சப் பாத்துச் செய்தது எண்டு மட்டும் எடுத்துக் கொள்ளுங்கோ, கிடைச்சது புதையல் எண்டு ஃபேஸ்புக்கில போட்டுராதேங்கோ.

இனிப் பிரச்சினையள். குதிரை (தந்தியளத் தாங்கிற சின்னப் பலகை) நிமித்தாம பேப்பர்ல சுத்தித் தனியா வந்தது, அது பரவாயில்ல, ஆனா சீவாத குதிரை. விரல்பலகை முடியிற இடத்தில மெல்லிய தந்திக்குக் கீழ 3, 4 மில்லிமீற்றரும் தடிச்சதுக்குக் கீழ 5, 6 மில்லிமீற்றரும்தான் இடைவெளி இருக்கவேணும், இதில ஒரு சுண்டுவிரலே போய் வரும். பிள்ளை சரளி வரிசைய ஒருக்கா வாசிச்சிட்டு விரல் நோகுதெண்டு வச்சிட்டாள், அவளில பிழை இல்ல. உவர்மலையில எங்களுக்குத் தெரிஞ்ச தச்சு வேலை செய்யிற மாமா ஒராளிட்டக் குடுத்து மேல் விளிம்ப வளைவு மாறாம மண்தாளால தேய்ச்சு எடுத்தம், தந்தி இருக்கிற வெட்டுக்குள்ள பென்சிலால ரெண்டு தரம் கீறி விட்டா தந்தி இறுகாம வழுக்கிப் போகும், அது மிஸ் சொல்லித் தந்தது. சவுண்ட் போஸ்ட் (வயலினுக்குள்ள ரெண்டு பலகைக்கும் நடுவில நிக்கிற சின்னக் குச்சி) விழுந்திருந்தா மட்டும் நீங்களா கை வைக்காதேங்கோ, தந்தியத் தளர்த்திப்போட்டுத் தெரிஞ்ச ஆளிட்டக் கொண்டு போங்கோ.

அடுத்தது பிருடை, தந்திய முறுக்கிற முளை. எபனி (கருங்காலி) எண்டு போட்டிருந்தவை, நாலு தரம் திருகினவுடன கறுப்புச் சாயம் கழண்டு உள்ளுக்க வெளிறின மரம் தெரியுது. எங்கட ஊர்க் கதை இஞ்சதான் வருது. கச்சான் காத்து அடிக்கிற மாசங்களில காத்துக் காய்ஞ்சு மரம் சுருங்கி, பெட்டிக்குள்ள ஒருத்தரும் தொடாமலே பிருடை சுத்தித் தந்தி முழுக்கத் தளர்ந்து போய்க் கிடக்கும், ஐப்பசி கார்த்திகை மழை தொடங்கினா அதே மரம் ஊதிப் பிருடை அசையாது, பலமாத் திருகினா தந்தி அறும். வெயிலுக்குச் சோக்குத்தூள் கொஞ்சம் பூசுங்கோ, மழைக்குப் பிருடையக் கழட்டித் துடைச்சுக் காஞ்ச சோப்புக் கொஞ்சம் தேயுங்கோ. டச்பேப் பக்கம் வெயிலுக்க நிப்பாட்டின ஓட்டோவுக்க வயலின விட்டிட்டுக் கடலுக்கு இறங்கிற வேலைய விடுங்கோ, ஒட்டு விட்டிரும்.

கூட வந்த தந்தி குப்பை. இரும்புத் தந்தி, உப்புக்காத்துக்கு மெல்லிய தந்தி கெதியாத் துருப்பிடிச்சுது, துருவில விரல் வழுக்குமா? கமகம் எடுக்கிற, சுரத்த அசைச்சு இழைச்சு வாசிக்கிற எங்களுக்கு விரல் வழுக்காட்டி ஒண்டும் இல்ல, அதுக்குத்தானே தேங்காய் எண்ணெய் தொட்டு வாசிக்கிற ஆக்களும் இருக்கினம். இன்னொரு விசயம், இந்தத் தந்தியெல்லாம் மேற்கத்திய ஜி, டி, ஏ, ஈ சுருதிக்குக் கணக்குப் பாத்துச் செய்தது. நாங்கள் நாலு தந்தியையும் ச ப ச ப எண்டு வைக்கிறனாங்கள். பொம்பிளைப் பிள்ளையள் பாடுற ஐஞ்சு கட்டைச் சுருதிக்கு (மேற்கத்திய ஜி) வச்சா கீழ ரெண்டு தந்தியும் அப்பிடியே நிக்கும், மேல ரெண்டையும் ஒவ்வொரு முழுச்சுரம் இறக்கினாச் சரி, பிரச்சினை இல்ல. ஆனா ஆம்பிளையளுக்குப் பக்கவாத்தியம் வாசிக்க ஒண்டு, ஒண்டரைக் கட்டைக்கு இறக்கிப் பாருங்கோ, தந்தி தொளதொளத்து வில்லு பட்டாக் கரகரக்கும், அதுக்குத் தடிச்ச தந்தி தனியா வாங்கவேணும். செயற்கை நார்த் தந்தி போட்டா (தோமாஸ்டிக்கின்ர டொமினன்ட் 1970இல இருந்து வருது, மிஸ்ஸிட்ட இருக்கிறது அதுதான்) சத்தம் மென்மையா வரும், துருப்பிரச்சினையும் குறையும், விலையக் கேட்டா வயலின் விலைக்குக் கிட்டப் போகும் எண்டதால நாங்கள் நடுத்தரமா ஒண்டு போட்டம்.

ஷோல்டர் ரெஸ்ட்ட ஒரு மூலையில போட்டிட்டம். சப்பாணி கட்டி இருந்து ஸ்க்ரோல (வயலின்ர சுருள் தலைய) வலது கால் கணுக்கட்டையில ஊண்டி வாசிக்கிற பிள்ளைக்கு அது என்னத்துக்கு? தாடைக்கு இருக்கிற கட்டைகூட 1820 அளவில லூயி ஸ்போர் எண்ட ஜெர்மன்காரர் கொண்டு வந்தது. முத்துசுவாமி தீட்சிதரின்ர தம்பி பாலுசுவாமி தீட்சிதர் சென்னையில வெள்ளைக்காரரிட்ட வயலின் பழகி அத எங்கட சங்கீதத்துக்குள்ள கொண்டு வந்தார், அந்தக் காலத்தில உந்தக் கட்டையெல்லாம் எங்க இருந்தது? அவருக்குப் பிறகு தஞ்சாவூர் நால்வரில ஒராளான வடிவேலுவுக்கு 1834இல திருவிதாங்கூர் சுவாதித் திருநாள் மகாராசா தந்தத்தில செய்த வயலினே பரிசாக் குடுத்தவர். எங்கட நாட்டுக்கும் இதில பங்கிருக்கு, வயலின் வித்துவான் எல். சுப்ரமணியம் சின்னனில வளர்ந்தது யாழ்ப்பாணத்தில, தகப்பன் லக்ஷ்மிநாராயண ஐயர் அங்க சங்கீதம் படிப்பிச்சவர், 1958 கலவரத்தோட குடும்பமா இந்தியாவுக்குப் போனவை. எங்கட வகுப்புப் பிள்ளையளில எத்தினை பேருக்கு இது தெரியும் எண்டு தெரியேல்ல.

வில்லு சுமார். மயிர் கொஞ்சம் குறைவு, தடி நேராத்தான் இருக்கு. புது ரொசின் கண்ணாடி மாதிரி மினுங்கும், அப்பிடியே தேய்ச்சா ஒண்டும் ஒட்டாது, வில்லும் ஊமைதான், மேல்பக்கத்த மண்தாளால கீறிப்போட்டுத் தேயுங்கோ. இதத் தெரியாம வயலின் பழுது எண்டு திருப்பி அனுப்பின ஆக்களையும் ரிவியூவுக்க கண்டனான். வாசிச்சு முடிய வில்லத் தளர்த்தி வையுங்கோ.

சத்தம்? குதிரையத் தேய்ச்சுத் தந்தியும் மாத்தின பிறகு கீழ்ச்சுரம் நல்லா இருக்கு, மேல்ச் சட்ஜமத்துக்கு மேல போனா மூக்கால பாடுற மாதிரி. ஆனா கோயில் மண்டபத்தில மைக் இல்லாமலே கேக்கும், வயலின் வித்துவான் மைசூர் சௌடையா கடைசி வரிசைக்கும் கேக்கவேணும் எண்டு ஏழு தந்தி போட்டு வாசிச்சாராம், எங்களுக்கு நாலே போதும்.

சபைச் சோதனையில தரம் நாலு, ஐஞ்சு வரைக்கும் படிக்கிற பிள்ளைக்கு இது காணும், ஆசிரியர் தரத்துக்குப் போறாக்களும் கச்சேரி செய்யிறாக்களும் காசு சேத்து வேற பாருங்கோ. தந்திக்கும் குதிரைக்கும் இன்னொரு பத்தாயிரம் ஒதுக்கி வச்சிட்டுத்தான் ஓர்டர் போடவேணும். ஐஞ்சுக்கு மூண்டு ஸ்டார். நாலு குடுத்திருப்பன், எபனி எண்டு சொல்லிச் சாயம் பூசின மரம் அனுப்பினதக் கேட்டு வட்ஸ்அப்பில படத்தோட போட்டனான், நீலச் சரி விழுந்திருக்கு, மறுமொழிதான் இல்ல.