கைல்போத் நாளில் ஒரு குடகு வீடு

விராஜ்பேட்டைக்கு அருகே, காப்பித் தோட்டத்துக்குள் விருந்தினரைத் தங்கவைக்கும் குடகின் கொடவ இனத்தைச் சேர்ந்த ஒரு குடும்பத்தின் வீட்டில், கைல்போத் பண்டிகையை ஒட்டி இரண்டு இரவுகள் தங்கினோம். அறை வசதியைவிட, அந்த வீட்டில் துப்பாக்கிக்கு இருக்கும் இடத்தைக் காண்பதற்காகவே அங்கே போகலாம் என்பேன்.

நாற்று நடவு முடிந்து வயல்வேலை ஓய்ந்தபின், செப்டம்பர் 3 அன்று கொண்டாடப்படும் ஆயுத வழிபாடு இது. துடைத்துச் சந்தனமிட்ட துப்பாக்கிகளும் கத்திகளும் விளக்கின் முன் அடுக்கப்பட்டிருந்தன. குழல்களில் செருகியிருந்தது நம் மாநில மலரான செங்காந்தள். அங்கே அதற்குத் 'தோக் பூ', அதாவது துப்பாக்கிப் பூ என்றே பெயர். பூசைக்குப்பின் மரத்தில் கட்டிய தேங்காயைக் குறிபார்த்துச் சுட்டார்கள்.

ஆண் குழந்தை பிறந்தால் ஒரு வேட்டு, இறப்பு நேர்ந்தால் அடுத்தடுத்து இரண்டு, புத்தரி அறுவடை நாளில் முதல் கதிரை அறுக்கும்போது ஒன்று என்று வீட்டுப் பெரியவர் விளக்கினார். தள்ளித்தள்ளி இருக்கும் தோட்ட வீடுகளுக்கு அந்த எண்ணிக்கையே செய்தியாம். பெண் குழந்தைக்கு இல்லையா என்று என் மகள் கேட்டாள். "வழக்கம் இல்லைதான் அம்மா, ஆனால் என் பேத்தி பிறந்த அன்று நான் சுட்டேன்" என்றார். அந்தப் பதில் எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

கொடவர்களுக்கும், பரம்பரை உரிமையாக வரும் ஜம்மா நிலம் உடையவர்களுக்கும் துப்பாக்கி உரிமம் பெறுவதிலிருந்து பிரிட்டிஷ் காலம் தொட்டே விலக்கு உண்டு. ஒன்றிய அரசு 2019இல் அதை 2029 வரை நீட்டித்தது, கர்நாடக உயர் நீதிமன்றமும் 2021இல் அது செல்லும் என்று தீர்ப்பளித்தது. அந்த உரிமை வீட்டாருடையது, விருந்தினருடையது அன்று என்று சொல்லி, படமெடுப்பதற்குக்கூட எங்கள் கையில் துப்பாக்கியைத் தர வீட்டுப் பெரியவர் மறுத்துவிட்டார். முன்பு வேறொரு விடுதியில், குடித்திருந்த பயணிகள் துப்பாக்கியைத் தோளில் மாட்டிக்கொண்டு படமெடுத்ததைக் கண்டு மனம் கசந்தவன் நான். ஆகவே இந்த வீட்டில் நான் முதலில் மதிப்பது இந்த மறுப்பைத்தான்.

கச்சம்புளி என்னும் புளிக்காடி சேர்த்த பன்றிக்கறியும், கடம்புட்டு என்னும் அரிசி உருண்டையும் அருமை. வெந்நீர் காலையில் மட்டுமே வந்தது. பண்டிகை நாளில் வெடிச்சத்தம் பலமாக இருக்கும் என்பதை முன்பதிவின்போதே அவர்கள் சொல்லியிருக்க வேண்டும். முதல் வேட்டுக்கே எங்கள் சின்னவன் பயந்து அழுதுவிட்டான்.