காஸ்டிங் பை: நடிகர்களைக் கண்டெடுத்தவரின் கதை

டாம் டோனஹ்யூ இயக்கி 2012-இல் திரைவிழாவுக்கு வந்த ‘காஸ்டிங் பை’ ஆவணப்படம், நடிகர் தேர்வையே வாழ்நாள் பணியாகக் கொண்டிருந்த நியூயார்க்கின் மரியன் டாஹர்ட்டியைப் பற்றியது. நடிப்பிலோ இயக்கத்திலோ ஈடுபாடுள்ள எவரும் இதைத் தயங்காமல் பார்க்கலாம்.

ஸ்டூடியோக்கள் நடிகர்களை ஒப்பந்தச் சம்பளத்தில் வைத்திருந்த காலத்தில், பாத்திரத்துக்கு ஆள் எடுப்பது என்பது பெரும்பாலும் கைவசமிருந்த பட்டியலிலிருந்து முகவெட்டுக்கு ஏற்ற ஒருவரைக் குறிப்பதாகவே இருந்தது. தொலைக்காட்சியின் நேரலை நாடகங்களில் தொழில் பழகிய டாஹர்ட்டியோ, ‘நேக்கட் சிட்டி’, ‘ரூட் 66’ தொடர்களுக்காக நியூயார்க் மேடைகளில் யாரும் அறியாத இளைஞர்களைத் தேடிப் பிடித்தார். தாம் பார்த்த ஒவ்வொருவரைப் பற்றியும் சிறு அட்டைகளில் அவர் எழுதிவைத்த குறிப்புகளைக் கேமரா நெருங்கிக் காட்டும் இடங்களே படத்தில் எனக்கு மிகவும் பிடித்தவை. பிற்காலத்தில் உலகமே அறிந்த பெயர்கள், வாய்ப்புக்காகக் காத்திருக்கும் வெறும் பெயர்களாக அங்கே இருக்கின்றன.

நடிகர் ஜான் வொய்ட் சொல்வது இன்னும் நெகிழ்ச்சியானது. டாஹர்ட்டி வாங்கித் தந்த தொலைக்காட்சி வாய்ப்பில் தாம் மோசமாக நடித்ததாக அவரே ஒப்புக்கொள்கிறார். ஆயினும், ‘மிட்நைட் கௌபாய்’ படத்துக்கு அவரைத்தான் எடுக்க வேண்டும் என்று வாதாடியவர் அதே டாஹர்ட்டி. 1969-இல் வெளிவந்து சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பெற்ற அப்படத்தின் பெயர்ப் பட்டியலில் டாஹர்ட்டியின் பெயர் இல்லை என்பதை அறியும்போது மனம் கொதிக்கிறது. ‘லீதல் வெப்பன்’ படத்துக்கு டேனி குளோவரை அவர் முன்மொழிந்தபோது, ‘அவர் கறுப்பினத்தவர் ஆயிற்றே’ என்று தமக்குத் தோன்றியதையும், அந்த எண்ணத்துக்காகத் தாம் வெட்கப்பட்டதையும் இயக்குநர் ரிச்சர்ட் டோனர் மறைக்காமல் சொல்கிறார்.

நடிகர் தேர்வாளர்களை ‘காஸ்டிங் டைரக்டர்’, அதாவது நடிகர் தேர்வு இயக்குநர், என்று அழைப்பதை ஏற்காத எதிர்த்தரப்பும் படத்தில் உண்டு. இயக்குநர் என்ற பட்டம் படத்தை இயக்குபவருக்கே உரியது என்று, அப்போது அமெரிக்க இயக்குநர் சங்கத் தலைவராக இருந்த டெய்லர் ஹாக்ஃபோர்டு வாதிடுகிறார். அந்த வாதம் எனக்கு ஏற்புடையதன்று. ஆனால் அதை முழுமையாகப் பேசவிட்டது படத்தின் நேர்மை.

குறையும் இருக்கிறது. ஸ்கார்செஸி, பசினோ, உடி ஆலன் என்று பெரிய முகங்கள் அடுத்தடுத்து வந்து புகழ்வதில் செலவான நேரத்தில் ஒரு பகுதியையாவது, திரைக்கதை கைக்கு வந்த நாளிலிருந்து இறுதித் தேர்வு வரை அலுவலகத்தில் நடக்கும் அன்றாட வேலையைக் காட்டச் செலவிட்டிருக்கலாம். ஹாலிவுட்டில் இதே பணியைச் செய்த லின் ஸ்டால்மாஸ்டருக்கும் இன்னும் இடம் தந்திருக்க வேண்டும்.

படம் வெளிவந்த பிறகு நிலைமை மாறியிருக்கிறது. 2013-இல் ஆஸ்கர் அகாடமி இத்துறைக்குத் தனிப் பிரிவு அமைத்தது. 2016-இல் ஸ்டால்மாஸ்டருக்குக் கௌரவ ஆஸ்கர் கிடைத்தது. 2025-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து நடிகர் தேர்வுக்கெனத் தனி விருதும் வந்துவிட்டது. டாஹர்ட்டி 2011-லேயே காலமாகிவிட்டார். ‘மிட்நைட் கௌபாய்’ படத்தை முதலில் பார்த்துவிட்டு இதற்கு வருவது நல்லது.