வெளிச்சுவருக்கு ஐபி 65 டிபி பெட்டியும் பைபர் பெட்டியும்: மாரியும் கோடையும் கண்ட பிறகு

கிளிநொச்சியில எங்கட கொமினிகேசன் கடையின்ர வெளிச்சுவருக்கெண்டு எட்டு வே (பிரேக்கர் பூட்டுற எட்டு இடம்) வெதர்ப்ரூப் டிபி, அதாவது மெயின் சுவிச்சும் பிரேக்கரும் பூட்டுற கரண்ட் பெட்டி ஒண்டும், பைபர் வயர் வந்து முடியுற சின்னப் பெட்டி ஒண்டும் எடுத்தது, ரெண்டிலயும் ஐபி 65 எண்டு அடிச்சிருக்கு. இப்ப கனபேர் உதைத்தான் கேட்டு வாங்குகினம், அதால எழுதுறன்.

பெட்டி நல்லது. கதவு ரப்பர் ஒழுங்கா குந்துது, உள்ளுக்கு பிரேக்கர் கொழுவுற 35 மில்லிமீற்றர் ரெயில் ஆடேல்லை, எர்த்துக்கும் நியூட்ரலுக்கும் தனித்தனிப் பித்தளை பார் இருக்கு. ஆனா 65 எண்டால் என்னெண்டு விளங்கிக்கொண்டு பூட்டோணும். ஆறு எண்டது புழுதி உள்ளுக்குப் போகாது, அஞ்சு எண்டது எந்தப் பக்கத்தால தண்ணி பீச்சினாலும் தாங்கும், எல்லாம் ஓட்டை போடாத பெட்டிக்குத்தான் பாருங்கோ. வயறிங் செய்ய வாற ஆக்கள் கனபேர் வந்த கையோட மேல்பக்கத்து நொக்கவுட்டை (தட்டினால் ஓட்டையாகிற மெல்லிய வட்டம்) தட்டி உடைச்சு வயரை நேர இறக்கிவிடுகினம், பிறகு மழை தொடங்க வயரோட வழிஞ்சு வாற தண்ணி மெயின் சுவிச்சுக்க போய் நிக்கும், பெட்டி கூடாதெண்டு கடைக்காரரோட சண்டை. கீழ்ப்பக்கத்தால ஏத்துங்கோ, கிளாண்ட் (வயரைச் சுத்தி இறுக்கி ஓட்டையை அடைக்கிற ரப்பர் வைச்ச மூடி) போட்டு இறுக்குங்கோ, பெட்டிக்குக் கீழ வயரைக் கொஞ்சம் வளைச்சுத் தொங்கவிட்டு ஏத்தினால் தண்ணி அந்த வளைவிலயே சொட்டிப்போகும். பாவிக்காத ஓட்டையளுக்கு மூடி போடோணும், எங்கட பக்கத்து பல்லிக்கும் குளவிக்கும் விரல் போற ஓட்டை காணும், பல்லி ரெண்டு ரேமினலுக்கு நடுவில விழுந்து கருகினதைக் கண்ட ஆக்களுக்குத் தெரியும். இதில ஒரு குறை, பெட்டியோட தாறது ரெண்டு கிளாண்ட்தான், சுவரில பூட்டுற ஸ்குரூவுக்கு ரப்பர் வாஷரும் இல்லை, எல்லாம் வேற காசு.

உள்ளுக்கு போடுற சாமானில ட்ரிப் சுவிச்சுக்கு (கரண்ட் மண்ணுக்கு ஒழுகினால் தானா விழுறது) மட்டும் காசு மிச்சம் பிடிக்காதேங்கோ. மின்சார சபை எங்களுக்கு தாறது லைனும் நியூட்ரலும்தான், எர்த் கம்பி நாங்களே வளவுக்க அடிக்கிறது. வயறிங் செய்த தம்பி ஒரு கணக்குச் சொன்னவர், எனக்கு அதுக்குப் பிறகுதான் முழுசா விளங்கினது. எர்த் கம்பிக்கு 20 ஓம் எண்டு வைச்சுக்கொள்ளுங்கோ, பிறிட்ஜின்ர உடம்பில கரண்ட் பட்டால் 230ஐ 20ஆல பிரிச்சு பதினொண்டரை அம்பியர்தான் மண்ணுக்க போகும், 16 அம்பியர் பிரேக்கர் அதுக்கு அசையாது, ஆரும் தொடும்வரைக்கும் பிறிட்ஜ் கரண்டோட நிக்கும். 30 மில்லிஅம்பியர் ட்ரிப் சுவிச் எண்டால் உடன விழுந்திடும். ஆவணியில மண் காய்ஞ்சு இறுகேக்க அந்த 20 ஓம் இன்னும் ஏறும், அதால கம்பியை கிணத்தடிப் பக்கம் ஈரம் நிக்கிற இடத்தில அடிச்சது. மாசத்துக்கு ஒருக்கா ட்ரிப் சுவிச்சில ரெஸ்ற் பண்ணுற ரீ (T) பட்டனை அமத்திப் பாருங்கோ, விழேல்லை எண்டால் அது சும்மா அலங்காரத்துக்கு இருக்கு. தண்ணி மோட்டர் எடுக்கேக்க கரண்டைக் கூட இழுக்கும், அதுக்கு சி டைப் பிரேக்கர், பி டைப் போட்டால் மோட்டர் எடுக்கேக்கயே விழப் பாக்கும்.

வயர் இறுக்கின ஸ்குரூ எல்லாத்தையும் கொஞ்ச நாள் போக மெயினை நிப்பாட்டிப்போட்டு திரும்ப இறுக்கோணும், லூசா நிக்கிற நியூட்ரல்தான் கனக்க பெட்டியளை எரிக்கிறது. மீற்றர் பக்கத்து சீலில மட்டும் கை வைக்காதேங்கோ, அது சபைக்காரற்ற வேலை.

பைபர் பெட்டியைப் பற்றி. டிபிக்குள்ள நாலு வே சும்மா கிடக்கு, பைபரையும் அதுக்குள்ள விட்டால் ஒரு பெட்டிக் காசு மிச்சம் எண்டு சாமான் வித்தவர் சொன்னவர். வயறிங் தம்பி மறுத்துப்போட்டார். “அண்ணை, பைபருக்குள்ள கரண்ட் இல்லைத்தான், ஆனா பைபர் லைன் போனால் திருத்த வாற பெடியனுக்கு கரண்ட் வேலை தெரியாது, அவன் கதவைத் திறந்த உடன கைக்குக் கிட்ட கரண்ட் ஓடுற பஸ்பார் கம்பி நிக்கும்.” எனக்கு அந்தக் கதை காணும், தனிப் பெட்டிதான் வாங்கினது, அதுவும் கொஞ்சம் தள்ளி. இன்னொண்டு, போஸ்டில இருந்து வீட்டுக்கு வாற பைபர் ட்ரொப் வயரில தாங்குறதுக்கு இரும்புக் கம்பி ஒண்டு ஓடுது, அதை வெளியில கொழுக்கியிலயே பிரிச்சு வெட்டி முடிக்கோணும், கரண்ட் பெட்டிக்குள்ள வரவே கூடாது. றூட்டரையும் உள்ளுக்க பூட்டாதேங்கோ, காத்துப் போகாத பெட்டியில வெந்து செத்துப்போகும்.

பெட்டிக்குள்ள மிச்ச வயரைச் சுத்தி வைக்க வட்டம் இருக்கு, அதிலதான் சுத்தோணும். பழைய சாதி பைபருக்கு 30 மில்லிமீற்றர் ஆரை வேணும், இப்ப வீடுகளுக்கு இழுக்கிற ஜி.657ஏ2 எண்டால் ஏழரை வரைக்கும் தாங்கும், எண்டாலும் கதவுக்க நெரிபட விடாதேங்கோ. பச்சைக் கொன்னெக்டருக்குப் பச்சைதான், நீலத்தைச் செருகினால் சிக்னல் விழும். பூட்டி முடிய பைபர் சிக்னல் அளக்கிற மீற்றரில மைனஸ் 21 டிபிஎம் (சிக்னலின்ர அளவு) காட்டினது, மைனஸ் 27க்குக் கீழ போனால்தான் பயம். வயர் நுனியை கண்ணுக்கு நேர பிடிச்சு வெளிச்சம் வருதோ எண்டு பார்க்கிற பழக்கம் எங்கட சனத்துக்கு இருக்கு, அந்த வெளிச்சம் கண்ணுக்குத் தெரியாது, கண்ணைத்தான் கெடுக்கும். வெட்டின கண்ணாடித் துண்டை ரேப்பில ஒட்டி எடுங்கோ, தும்புத்தடியால கூட்டினால் பிள்ளையளின்ர காலுக்க ஏறும்.

சித்திரை, ஐப்பசி இடிக்கு பைபர் கண்ணாடியால மின்னல் வராது, ஆனா றூட்டரின்ர அடப்டரால வரும், டிபியில சேர்ஜ் அரெஸ்டருக்கு (மின்னல் கரண்டை எர்த்துக்குத் திருப்பி விடுற சாமான்) ஒரு வே விட்டு வையுங்கோ.

ஒரு ஸ்ரார் குறைக்கிறது டிபியின்ர கண்ணாடி மாதிரி உள்ள பிளாஸ்ரிக் கதவுக்கு. மேற்குச் சுவரில வெயில் நேர அடிச்சு இப்பவே மஞ்சளாப் போச்சு, கதவை மட்டும் தனிய வாங்கலாமோ எண்டு கேட்டால் முழுப் பெட்டியாத்தான் இருக்காம். வாங்குற ஆக்கள் தாவாரத்துக்குக் கீழ நிழலில பூட்டுங்கோ.