டப்பா நல்லது, அதன் மேல் அச்சிட்ட சமையல் குறிப்பு வேண்டாம்

டப்பாவைத் தட்டில் கவிழ்த்ததும் மகள் கேட்டாள்: "அம்மா, நம் வீட்டுக்குப் பூனை ஏதாவது வந்திருக்கிறதா?"

அவளைக் குற்றம் சொல்ல முடியாது. டப்பாவில் அடைத்த மாட்டிறைச்சியின் முதல் தோற்றம் அப்படித்தான் இருக்கும். டப்பாவின் வடிவத்தை அப்படியே அச்செடுத்தது போல ஒரு மங்கலான சிவப்புக் கட்டி. அதன் மேல் உறைந்த வெள்ளைக் கொழுப்பு. மூடி விலகிய நொடியில் வரும் வாடை பசியைக் கிளப்பாது, இருக்கிற பசியையும் யோசிக்க வைக்கும். இருந்தும் இரண்டு மாதத்தில் இதே நிறுவனத்தின் நான்கு டப்பாக்களை நாங்கள் இருவரும் தின்று தீர்த்திருக்கிறோம். முதல் டப்பா வீண். இரண்டாவது சுமார். மற்ற இரண்டிலும் மிச்சம் வைக்கவில்லை. இடையில் மாறியது நான் சமைத்த விதம்தான், டப்பா அதேதான். நிறுவனத்தின் பெயரைச் சொல்லப்போவதில்லை. இந்த வகை டப்பாக்கள் பெரும்பாலும் ஒன்றுக்கொன்று ஒன்றுவிட்ட சகோதரர்கள்.

பொருளைச் சொல்லிவிடுகிறேன்: 340 கிராம் கார்ன்ட் பீஃப். பெயரைக் கேட்டுவிட்டு மகள் கரண்டியால் கிளறிச் சோளம் தேடினாள். சோளம் கிடையாது. பழைய ஆங்கிலத்தில் 'கார்ன்' என்றால் மணி, பரல் என்று பொருள். இறைச்சியைப் பதப்படுத்தப் பயன்பட்ட பருமனான உப்புப் பரல்களிலிருந்து வந்த பெயர் அது. ஆகவே பெயரிலேயே எச்சரிக்கை இருக்கிறது. நான்தான் கவனிக்கவில்லை.

என் வேலை முடிந்து வீடு சேர இரவு எட்டரை ஆகிவிடும். அந்த நேரத்தில் உறைந்த இறைச்சியை இளக்கி, வெட்டி, வேகவைக்கும் பொறுமை எனக்கு இல்லை. அலமாரியில் மாதக்கணக்கில் சும்மா இருக்கக்கூடிய, பையைக் கனக்கச் செய்யாத, பணத்தையும் அதிகம் தின்னாத ஒன்று தேவைப்பட்டது. பாஸ்தாவும் டப்பா இறைச்சியும் அந்த மூன்றுக்கும் பொருந்தின.

முதலில் திறப்பதைப் பற்றிப் பேசிவிட வேண்டும். என் கோபம் முழுவதும் அங்கேதான் இருக்கிறது. இந்த டப்பா ஒரு பக்கம் அகன்று மறுபக்கம் குறுகியிருக்கும். பக்கவாட்டில் ஒட்டியிருக்கும் சிறிய சாவியைக் கழற்றி, டப்பாவைச் சுற்றியுள்ள தகரப் பட்டையின் நுனியைச் சாவியின் துளையில் கோர்த்து, சுருட்டிக்கொண்டே போக வேண்டும். பார்க்க அழகான ஏற்பாடுதான். இரண்டாவது டப்பாவில் பட்டை முக்கால் சுற்று வந்ததும் சாவி கழுத்தோடு முறிந்தது. மீதிப் பட்டையை இடுக்கியால் பிடித்து இழுக்கப் போய்க் கட்டைவிரலைக் கிழித்துக்கொண்டேன். சுருண்ட அந்தத் தகரம் சவரக் கத்திக்குச் சளைத்ததில்லை. பிஞ்சுக் கைகளிடம் இந்த வேலையைக் கொடுக்காதீர்கள்.

அன்று கற்ற பாடம் ஒன்று உண்டு. சாவியை நம்பாமல், வழக்கமான டப்பா திறப்பானால் அகன்ற பக்கத்தைத் திறந்துவிடலாம். இறைச்சி வெளியே வராமல் அடம்பிடித்தால் குறுகிய பக்கத்தில் சிறு துளை ஒன்று போடுங்கள். உள்ளே காற்று போனதும் கட்டி தானாக வழுக்கிக்கொண்டு வந்துவிடும். கட்டி உடையாமல் முழுதாக வெளியே வரட்டும் என்பதற்காகத்தான் 1875இல் சிகாகோவில் இந்தச் சரிவான வடிவத்தையே உருவாக்கினார்கள். வடிவத்தைக் கண்டுபிடித்தவர்களுக்கு முழு மதிப்பெண். சாவியை வார்த்தவர்களுக்குப் பூஜ்யம்.

இனி, டப்பாவின் மேல் அச்சிட்டிருக்கும் 'விரைவு பாஸ்தா' குறிப்பு. 200 கிராம் பாஸ்தாவை உப்புத் தண்ணீரில் வேகவையுங்கள், முழு டப்பா இறைச்சியை ஒரு கோப்பை கிரீமில் போட்டுப் பதினைந்து நிமிடம் கொதிக்க விடுங்கள், பாலாடைக்கட்டியைத் துருவிப் போடுங்கள், இருவருக்குப் பரிமாறுங்கள். நல்ல பிள்ளையாக எழுத்துக்கு எழுத்து அப்படியே செய்தேன். கிடைத்தது இளஞ்சிவப்பு நிறத்தில் ஒரு பசை. சுவரொட்டி ஒட்ட உதவியிருக்கும். ஒரு வாய் வைத்துவிட்டு மகள், "அம்மா, இதைக் கடல் தண்ணீரிலா வேகவைத்தாய்?" என்றாள்.

கணக்குப் போட்டுப் பார்த்தேன். அதே டப்பாவின் முதுகில் 100 கிராமுக்கு 2.2 கிராம் உப்பு என்று அவர்களே அச்சிட்டிருக்கிறார்கள். முழு டப்பாவில் ஏழரை கிராம். இருவர் பங்கிட்டால் தலைக்கு 3.7 கிராம். பெரியவர்களுக்கு ஒரு நாள் முழுவதற்கும் 5 கிராமுக்குக் குறைவாக இருக்கட்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். அதில் முக்கால் பங்கை ஒரே தட்டில் கொட்டிவிட்டு, பாஸ்தா வெந்த தண்ணீரின் உப்பையும் பாலாடைக்கட்டியின் உப்பையும் அதன் தலையில் ஏற்றுகிறது அந்தக் குறிப்பு. எழுதியவர் அதைச் சமைத்துச் சாப்பிட்டிருப்பார் என்று எனக்குத் தோன்றவில்லை. டப்பாக்களை வேகமாகக் காலிசெய்ய எழுதப்பட்ட குறிப்பு அது.

இரண்டாவது தவறு அந்தப் பதினைந்து நிமிடக் கொதிப்பு. கார்ன்ட் பீஃப் ஏற்கெனவே இரண்டு முறை வெந்தது. டப்பாவில் அடைப்பதற்கு முன் ஒரு முறை, மூடி முத்திரையிட்ட பிறகு கொதிநிலைக்கும் மேலான வெப்பத்தில் நீராவி அழுத்தத்தில் மறுமுறை. உயிருக்கே உலை வைக்கும் பாட்டுலினம் நச்சை உண்டாக்கும் கிருமியின் வித்துகளைக் கொல்ல 121 டிகிரி செல்சியஸில் மூன்று நிமிடமாவது வேண்டும் என்பது டப்பா உணவுத் தொழிலின் அடிப்படைக் கணக்கு. அத்தனை சூட்டைத் தாங்கி வந்த இறைச்சியில் இனி வேக எதுவும் இல்லை. நார் நாராகப் பிரியும் நிலையில் இருக்கும் அதை மேலும் கொதிக்கவிட்டால் கூழாகாமல் என்ன செய்யும்? அதற்குத் தேவை முறுகல்.

இதைப் புரிந்துகொண்ட பிறகு என் சமையல் மாறியது. இப்போது டப்பா இறைச்சியை நான் இறைச்சிக் கணக்கில் வைப்பதில்லை. உப்பும் கொழுப்பும் மணமும் சேர்ந்த தாளிப்பாக எண்ணிக்கொள்கிறேன். இருவருக்கு அரை டப்பா போதும். தலைக்கு 85 கிராம், அதாவது 1.9 கிராம் உப்பு. வேறு எதிலும் உப்புச் சேர்ப்பதில்லை, பாஸ்தா வேகும் தண்ணீரிலும்தான். முதல் முறை உப்பில்லாத தண்ணீரில் பாஸ்தாவைப் போடும்போது கை கூசியது. சாப்பிட்டபோது குறையே தெரியவில்லை.

காலையில் வேலைக்குக் கிளம்பும்போதே டப்பாவைக் குளிர்பெட்டியில் வைத்துவிடுகிறேன். குளிர்ந்த கட்டியைக் கத்தியால் விரல்நுனி அளவுத் துண்டுகளாக வெட்டலாம். அறை வெப்பத்தில் இருந்தால் கத்தி பட்டதுமே உதிர்ந்துவிடும். இரவில் வந்ததும் ஒரு அடுப்பில் ஒரு லிட்டர் தண்ணீர். 180 கிராம் பாஸ்தாவுக்கு இது குறைவு என்பார்கள். குறைவாக இருக்கட்டும் என்றுதான் வைக்கிறேன். தண்ணீர் குறைந்தால் அதில் கரையும் மாவுச்சத்து கெட்டிப்படும், பிறகு குழம்பைப் பிணைக்க அதுதான் உதவும். ஒட்டிக்கொள்ளாமல் இருக்க முதல் இரண்டு நிமிடம் மட்டும் பக்கத்தில் நின்று கிளற வேண்டும்.

மற்ற அடுப்பில் அகலமான இரும்பு வாணலி. எண்ணெய் ஒரு சொட்டும் வேண்டாம். சூடான வாணலியில் துண்டுகளைப் பரப்பிவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு நில்லுங்கள். இந்தச் சமையலில் கடினமான வேலை அது ஒன்றுதான். மூன்று நிமிடம் கரண்டி படக்கூடாது. கொழுப்பு உருகிச் சடசடக்கும். முதலில் வந்த அந்த டப்பா வாடை மெல்லப் போய், வறுத்த இறைச்சியின் மணம் எழும்பும். அடிப்பக்கம் கரும்பழுப்பாகப் பொருக்குத் தட்டியதும் ஒரே ஒரு முறை திருப்பி, இன்னும் இரண்டு நிமிடம். பிறகு துண்டுகளைத் தட்டில் எடுத்து வைத்துவிடுகிறேன். வாணலியில் தங்கும் கொழுப்பில் ஒரு பெரிய வெங்காயம், நான்கு பல் பூண்டு. வெங்காயம் ஓரங்களில் சிவந்ததும் இரண்டு மேசைக்கரண்டி தக்காளி விழுது. விழுது அடர்ந்த செங்கல் நிறத்துக்கு மாறும்வரை வதக்க வேண்டும், இல்லையென்றால் பச்சைப் புளிப்பு நிற்கும். அப்புறம் பாஸ்தாத் தண்ணீர் ஒரு கோப்பை. வாணலியின் அடியில் பிடித்திருக்கும் பழுப்பு முழுவதையும் கரண்டியால் சுரண்டிக் கரைத்துவிடுங்கள், சுவையில் பாதி அங்கேதான் இருக்கிறது.

உறையில் 11 நிமிடம் என்று போட்டிருந்த பாஸ்தாவை 9 நிமிடத்தில் எடுத்து வாணலிக்கு மாற்றுகிறேன், மீதி இரண்டு நிமிடம் குழம்பில் வேகட்டும் என்று. பாஸ்தாவின் கடைசி நிமிடங்களில் அதே தண்ணீரில் ஒரு கைப்பிடி உறைந்த பட்டாணியையும் போட்டுவிடுவேன். அடுப்பை அணைத்த பிறகுதான் மிளகும் எலுமிச்சைச் சாறும் முறுகிய துண்டுகளும். முதலிலேயே துண்டுகளைப் போட்டால் முறுகல் நனைந்து போகும். எலுமிச்சையை விடாதீர்கள். அது இல்லாமல் ஒரு நாள் சாப்பிட்டேன், நான்காவது வாயில் கொழுப்பு நாக்கில் படிந்து திகட்டியது. கடிகாரத்தில் பார்த்ததில், தண்ணீர் வைத்ததிலிருந்து தட்டு மேசைக்கு வரும்வரை 22 நிமிடம்.

பாஸ்தாவின் வடிவமும் முக்கியம். ஸ்பகெட்டி இதற்கு உதவாது. முள்கரண்டியில் நூல் நூலாகச் சுருண்டு மேலே வரும், இறைச்சியெல்லாம் தட்டின் அடியில் தங்கிவிடும். சங்கு வடிவப் பாஸ்தாவின் குழியில் பட்டாணி ஒன்றும் இறைச்சித் துணுக்கு ஒன்றும் தானாக உட்கார்ந்துகொள்கின்றன. அது கிடைக்காத அன்று வரிவரியாக இருக்கும் குழல் வடிவப் பென்னே.

சுவை எப்படி என்று கேட்டால், புதிய இறைச்சியின் மென்மையை இதில் தேடினால் ஏமாற்றம்தான். மெல்லும் சுகம் கிடையாது. மாவுபோலக் குழைந்த உட்புறம், நொறுங்கும் வெளிப்புறம், ஆழமான ஓர் உவர்ப்பு. தக்காளியோடும் எலுமிச்சையோடும் அந்த உவர்ப்பு நன்றாக ஒத்துப்போகிறது. களைத்து வந்த இரவில் எனக்கு இது போதுமானதாக இருக்கிறது. விருந்தாளி வரும் நாளில் செய்ய மாட்டேன்.

டப்பா வாங்கும்போது விளிம்பைப் பாருங்கள். நடுவில் சிறிய நசுங்கல் இருந்தால் பெரிதாகப் பயப்பட வேண்டாம், மடிப்புத் தையலில் நசுங்கியிருந்தாலோ டப்பா உப்பியிருந்தாலோ தொடவே வேண்டாம். 1964இல் ஸ்காட்லாந்தின் அபர்டீன் நகரில் டைஃபாய்டு பரவி நானூறுக்கும் மேற்பட்டவர்கள் படுத்தார்கள். மூலம் ஒரு கார்ன்ட் பீஃப் டப்பா. சூடு ஏற்றிய டப்பாக்களைச் சுத்திகரிக்காத ஆற்று நீரில் குளிரவைத்தபோது ஏதோ ஒரு சிறு கசிவு வழியாகக் கிருமி உள்ளே போயிருக்கிறது. இதைப் படித்ததிலிருந்து கடையில் டப்பாவை ஆபரணம் போலத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன்.

இன்னொன்று: அந்தச் சிவப்பு நிறம் சோடியம் நைட்ரைட்டின் வேலை. பதப்படுத்திய இறைச்சியை 2015இல் சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு முகமை, மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் பட்டியலில் சேர்த்தது. அதனால் எங்கள் வீட்டில் இது மாதத்துக்கு இரண்டு டப்பா, அதற்கு மேல் இல்லை.

டப்பாப் பன்றி இறைச்சியையும் ஒரு முறை இதே முறையில் செய்து பார்த்தேன். அழகான கனசதுரங்களாக முறுகுகிறது, உதிர்வதில்லை, ஆனால் குழம்போடு கலக்காமல் தனித்தனியாக நிற்கிறது. டப்பாக் கோழி வெறும் பஞ்சு. அதைப் பற்றி எழுத ஒன்றுமில்லை.

மிச்சமான அரை டப்பாவைத் தகரத்திலேயே விட்டுவிடாமல் கண்ணாடிக் கிண்ணத்துக்கு மாற்றி மூடிக் குளிர்பெட்டியில் வைக்கிறேன். இரண்டு நாளைக்குள் தீர்த்துவிட வேண்டும். போன வாரம் மறுநாள் இரவு எடுக்கப் போனால் கிண்ணம் கழுவிக் கவிழ்த்தியிருந்தது. பள்ளி விட்டு வந்தவள் வாணலியில் தானே வறுத்துத் தின்றிருக்கிறாள். பூனையைப் பற்றிக் கேட்டேன். பதில் இல்லை.