பிடித்ததும் கிளம்பிவிடாத பாம்பு மீட்பாளர்

ஆனைமலைப் பக்கம் தோட்டத்துச் சாளைகளில் குடியிருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். எங்கள் பகுதியில் பாம்பு மீட்கும் இளைஞர் ஒருவரின் சேவை பற்றிய மதிப்புரை இது. தன் பெயரையும் எண்ணையும் பொதுவில் போட வேண்டாம் என்று அவரே கேட்டுக்கொண்டார். தேவைப்படுபவர்கள் வனச்சரக அலுவலகத்தில் விசாரித்துக்கொள்ளுங்கள்.

பாம்பு பிடிப்பவர் எவ்வளவு வேகமாக வந்தார், எவ்வளவு வேகமாகப் பிடித்தார் என்பதைத்தான் எல்லோரும் பெருமையாகச் சொல்கிறார்கள். நான் பார்ப்பது வேறு. பாம்பு பைக்குள் போன பிறகு அந்த ஆள் என்ன செய்கிறார்?

போன வருடம் சித்திரையில் எங்கள் மோட்டார் அறையில் நல்ல பாம்பு ஒன்று இருந்தது. விரட்டினாலும் போகவில்லை, சுவர் மூலையிலிருந்த எலிவளையைச் சுற்றியே கிடந்தது. அப்போது வந்தவர் வேறொருவர். ஐந்து நிமிடத்தில் பிடித்தார், கூடியிருந்தவர்களின் செல்போனுக்குப் படம் எடுக்க வைத்துக் காட்டினார், பணம் வாங்கிக்கொண்டு போய்விட்டார். அந்த வளையைக் குனிந்துகூடப் பார்க்கவில்லை. சித்திரை, வைகாசியில் ஒரு பெண் நாகம் ஒரே இடத்தை விட்டு நகராமல் கிடந்தால் முட்டை இருக்குமோ என்று சந்தேகம் வர வேண்டாமா? நல்ல பாம்பு எலிவளையிலோ கறையான் புற்றிலோ பத்து முதல் முப்பது முட்டை வரை இட்டுவிட்டு அங்கேயே காவல் இருக்கும். தாயைத் தூக்கிக்கொண்டு போய்விட்டால் முட்டைகள் கெட்டுப்போய்விடும் என்று நினைக்கக் கூடாது. வளையின் சூடும் ஈரமும் போதும். ஏறக்குறைய இரண்டு மாதத்தில் பொரிந்துவிடும்.

அப்படித்தான் பொரிந்தன. ஆனியில் ஒரு காலை, மோட்டார் போடப் போன என் மருமகளின் காலருகே சாண் நீளத்துக்கு ஒரு குஞ்சு படம் எடுத்து நின்றது. முட்டையை விட்டு வெளியே வரும்போதே அதற்கு விஷப்பல்லும் விஷமும் உண்டு. இந்த முறை அழைத்தது நான் இப்போது எழுதும் தம்பியைத்தான். கண்ணில் பட்ட குஞ்சுகளைப் பிடித்ததோடு அவர் நிறுத்தவில்லை. வளையை மெல்லத் தோண்டி, உள்ளே இருந்த ஓடுகளை ஒவ்வொன்றாக வெளியே எடுத்து வைத்தார். கோழிமுட்டை ஓடு போல அவை நொறுங்கவில்லை. தோல் மாதிரி வளைந்தன, ஒன்றோடொன்று ஒட்டியிருந்தன. ஒவ்வொன்றிலும் கத்தியால் கீறியது போன்ற பிளவு. பொரியும் நேரத்தில் குஞ்சின் மூக்கு நுனியில் சிறு பல் ஒன்று இருக்கும், அதனால் கீறிக்கொண்டுதான் வெளியே வரும், பிறகு அந்தப் பல் விழுந்துவிடும் என்றார். ஓடுகள் பதினான்கு, பிடித்த குஞ்சுகள் பதினொன்று. மீதி மூன்றுக்காக மோட்டார் மேடையின் அடியிலும் குழாய்ச் சந்துகளிலும் மாலை வரை தேடினார். இரண்டு கிடைத்தன. மூன்றாவது வெளியே போயிருக்கும் என்பதற்குக் கதவிடுக்குப் புழுதியில் கிடந்த தடத்தைக் காட்டினார். அன்றே அந்த இடுக்கை அடைத்தோம்.

இந்த வருடம் தேங்காய் மட்டைக் குவியலுக்கு அடியில் கண்ணாடி விரியன். தேங்காய் உரிக்க வந்தவர்கள் ஒரு மட்டையைப் புரட்டியதும் குக்கர் விசில் போலச் சீறியது. ஆளுக்கொரு கம்போடு நின்றவர்களை விலக்கிவிட்டு, தம்பி வந்ததும் முதலில் தூரத்தில் நின்று அதன் உடம்பை மட்டும் கவனித்தார். எலியை விழுங்கிய பாம்புக்கு நடு உடம்பில் ஒரே இடத்தில் புடைப்பு தெரியும். இதற்குப் பின்பாதி முழுவதும், வால் தொடங்கும் இடம் வரை ஒரே சீராகப் பருத்திருந்தது. "அம்மா, இது சினைப்பாம்பு. இடுக்கியால் பிடிக்க மாட்டேன்" என்றார். அகலமான பிளாஸ்டிக் குழாயின் ஒரு முனையில் துணிப்பையைக் கட்டி, மறுமுனையை அதன் முன்னால் வைத்துவிட்டு, கொக்கியால் தொட்டும் தொடாமலும் வழி காட்டினார். இருட்டைத் தேடி அது தானாக நுழைந்தது. நேரம் பிடித்தது, சுற்றி நின்றவர்களுக்குச் சலிப்பும் வந்தது. எனக்கு அந்தப் பொறுமைதான் பிடித்திருந்தது.

குவியல் முழுவதையும் கலைத்து முட்டை தேட வேண்டுமா என்று கேட்டேன். வேண்டாம் என்றார். கண்ணாடி விரியன் முட்டையிட்டு வைப்பதில்லை. மெல்லிய சவ்வுக்குள் கருக்களை வயிற்றிலேயே ஆறு மாதத்துக்கும் மேலாகச் சுமக்கிறது. கருக்கள் வளர்வது பெரும்பாலும் மஞ்சள் கருவை உண்டுதான். தாயின் வேலை வெயிலில் கிடந்து அவற்றுக்குச் சூடு கொடுப்பது. குட்டிகள் பெரும்பாலும் ஜூன், ஜூலையில் பிறக்கின்றன. ஓர் ஈற்றில் இருபது முதல் நாற்பது குட்டிகள் சாதாரணம். அதற்கு மேலும் போவதுண்டு. ஆகவே சினையோடு இருக்கும் விரியனைப் பிடித்தால் அத்தனை குட்டியும் தாயோடு போய்விடும். ஈன்று முடித்த விரியனாக இருந்தால் கதையே வேறு: வயிறு தளர்ந்து, தோல் மடிப்பு விழுந்திருக்கும், குட்டிகள் சவ்வைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்து, தாயை எதிர்பார்க்காமல் ஆளுக்கொரு பக்கம் போயிருக்கும். அப்படி இருந்திருந்தால் ஒரு மட்டை விடாமல் புரட்டியிருப்பேன் என்றார். எந்தப் பாம்பு எதை விட்டுவிட்டுப் போகும் என்று தெரிந்த ஆளிடமிருந்துதான் இப்படி ஒரு பதில் வரும்.

விரியன் குட்டிகள் தாயின் வயிற்றைக் கிழித்துக்கொண்டு பிறக்கும், தாய் செத்துவிடும் என்று உரிக்க வந்த பெரியவர் ஒருவர் சொன்னார். தம்பி அவரை மட்டம் தட்டாமல், வாலடியில் உள்ள துவாரம் வழியாகத்தான் பிறக்கும், தாய் மெலிந்து போகுமே தவிரப் பிழைத்துக்கொள்ளும் என்று சொல்லிக் கொடுத்தார். சுருட்டை விரியன், மண்ணுளி, பச்சைப் பாம்பு ஆகியவையும் குட்டி போடுபவை என்றும், கட்டு விரியன், சாரை, மலைப்பாம்பு முட்டையிடுபவை என்றும் அவரிடம்தான் தெரிந்துகொண்டேன். மலைப்பாம்பு முட்டைகளைச் சுற்றிக்கொண்டு உடம்பைத் துடிக்க வைத்துச் சூடு உண்டாக்குமாம். இத்தனை காலம் இந்த மண்ணில் இருந்தும் இதை எனக்கு யாரும் சொன்னதில்லை.

இன்னொரு நாள் வாய்க்கால் ஓரம் இரண்டு பாம்புகள் பின்னிக்கொண்டு எழும்பி எழும்பி விழுந்தன. சாரையும் நாகமும் இணைகின்றன, மேலே வெள்ளைத்துணி போட்டு எடுத்துப் பெட்டியில் வைத்தால் செல்வம் சேரும் என்று பக்கத்துத் தோட்டத்தில் வேட்டியோடு கிளம்பிவிட்டார்கள். தம்பி செல்போனிலேயே தடுத்தார். அவை இரண்டுமே ஆண் சாரைகள், மல்லுக்கட்டுகின்றன. உண்மையில் இணையும் பாம்புகள் வால்பக்கம் பொருந்தி அமைதியாகக் கிடக்கும் என்றார். அந்த அழைப்புக்கு அவர் வரவும் இல்லை, காசும் கேட்கவில்லை.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். இரவில் அவருடைய செல்போன் பல நேரம் கிடைக்காது. தனி ஆள், வேறு ஊரில் இருந்தால் வந்து சேர நேரமாகும். அதைவிட எனக்குக் கவலை தருவது அவர் செருப்போடு வருவது. 2025 மார்ச்சில் கோவையில் அனுபவமுள்ள பாம்பு மீட்பாளர் ஒருவர் நாகம் கடித்து இறந்துபோனார். விரியன் பிடிக்க வருபவர் முழங்கால் வரை பூட்ஸ் போட்டுத்தான் வர வேண்டும். நேரிலேயே சொன்னேன், இங்கேயும் சொல்கிறேன்.

கட்டணம் என்று எதுவும் கேட்பதில்லை, பெட்ரோல் செலவு மட்டும்தான். நாங்கள் 500 ரூபாய் கொடுத்தோம். பிடித்த விரியனை யாருக்கும் காட்சி காட்டவில்லை. வனக்காவலரை அழைத்து, அன்று மாலையே அவர் முன்னிலையில் காட்டோரத்தில் விட்டார். 1972ஆம் வருட வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருப்பதால் வனத்துறைக்குத் தெரியாமல் பாம்பை வைத்திருக்கக் கூடாது என்பதில் அவர் கறாரானவர்.

அவரை அழைக்கும்போது பாம்பின் நிறத்தையும் நீளத்தையும் மட்டும் சொல்லாதீர்கள். எத்தனை நாளாக அதே இடத்தில் கிடக்கிறது, பக்கத்தில் வளை இருக்கிறதா என்பதையும் சொல்லுங்கள். முட்டை கண்ணில் பட்டால் தொடாதீர்கள். சில நாள் ஆன பாம்பு முட்டையைப் புரட்டினால் உள்ளே கரு இறந்துபோகக்கூடும். அவரே எடுக்கும்போதுகூட மேல்பக்கம் பென்சிலால் கோடு போட்டு, அந்தப் பக்கம் மேலாகவே இருக்கும்படி ஈரமான தேங்காய் நார்க்கழிவில் வைத்துத்தான் கொண்டுபோகிறார்.