பித்தளை ஜாப்புக்கு எந்த மீடியா: சோளச் சக்கையா, ஸ்டெயின்லெஸ் பின்னா?

கோவை கணபதி பக்கம் எங்களுக்கு ஒரு சின்ன டர்னிங் பட்டறை இருக்கிறது. பித்தளை ராடு வாங்கி, குழாயை மாட்டும் ஹோஸ் நிப்பிள், ஸ்பிண்டில், வால்வுக்கான சின்னச் சின்ன உதிரிகள் கடைந்து கொடுக்கிறோம். லேத்திலிருந்து கடைந்து இறங்கும் பொருளில், அதாவது ஜாப்பில், கட்டிங் ஆயில் ஒட்டியிருக்கும், மரை ஓரத்தில் பிசிறு நிற்கும், நாலு நாள் அப்படியே கிடந்தால் நிறமும் மங்கிவிடும். அதைச் சுத்தம் செய்து பளபளப்பாக்கத்தான் சுழலும் டிரம்மான பாரல், அதிரும் தொட்டியான வைப்ரோ மெஷின் எல்லாம். எந்த மெஷின் வாங்கலாம் என்று கேட்பவர்கள் நிறைய. மெஷினுக்குள் ஜாப்போடு சேர்த்து என்ன போடுவது என்று கேட்பவர்கள் குறைவு. ஐந்து வருஷம் மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்துவிட்டு, நான் இப்போது பொடிக் கம்பித் துண்டுகளான ஸ்டெயின்லெஸ் பின்னில் நிற்கிறேன். ஏன் என்று சொல்கிறேன்.

புதிதாக வருபவர்களுக்கு மீடியா என்றால் என்ன என்பதை நான் இப்படித்தான் விளக்குவேன். எங்கள் அம்மிச்சி பித்தளைக் குடத்தைப் புளியும் செங்கல் பொடியும் போட்டுத் தேய்ப்பார். புளியின் அமிலம் கறையைக் கரைக்கும், செங்கல் பொடி உரசி எடுக்கும், அழுத்தம் கையிலிருந்து வரும். பாரலிலும் இதே மூன்றுதான். உள்ளே சேர்க்கும் கலவையான காம்பவுண்ட் என்பது புளி, மீடியா என்பது செங்கல் பொடி, கைக்குப் பதில் மோட்டார். குடத்துக்கும் நிப்பிளுக்கும் ஒரே ஒரு வித்தியாசம். குடத்துக்குள் கை போகும், தேய்த்த பொடியைக் கழுவிக் கொட்டிவிடலாம். நிப்பிளுக்குள் போன மீடியாவை எப்படி வெளியே எடுப்பது? மொத்த அலசலும் கடைசியில் இந்த இடத்தில்தான் வந்து நிற்கும்.

முதலில் சீக்கிரம் கடந்துபோக வேண்டியவை. செராமிக் கல், முக்கோணமும் உருளையுமாக வருவது, நன்றாக வெட்டும். எஃகு ஜாப்பில் கனத்த பிசிறு எடுக்க அதை மிஞ்ச ஆளில்லை. பித்தளையில் போட்டால் பிசிறு போகும், ஆனால் மேற்பரப்பு மங்கலாகிச் சாம்பல் பூத்த மாதிரி வரும்; பளபளப்புக்கு இன்னொரு ஓட்டம் வேண்டும். பிளாஸ்டிக் மீடியா அதைவிட மென்மை, பித்தளைக்கும் அலுமினியத்துக்கும் பொருந்தும், ஆனால் வேகமாகத் தேயும். எஃகு உருண்டை வெட்டாது, அடித்து அடித்து மினுக்கும். பக்கத்துப் பட்டறையில் ஓடுவதைப் பார்த்திருக்கிறேன், ஜாப் கண்ணாடி போல வருகிறது. நானாக ஓட்டியது இரண்டு லாட்தான் என்பதால் அதைப் பற்றி அடித்துச் சொல்ல மாட்டேன். எடை பயங்கரம், சின்ன மோட்டார் தாங்காது என்பது மட்டும் நிச்சயம்.

சின்னப் பட்டறைக்கு உண்மையான போட்டி இரண்டுக்கும் நடுவில்தான். ஒரு பக்கம் உலர் மீடியா: மக்காச்சோளக் கதிரில் மணி உதிர்த்தபின் மிஞ்சும் சக்கையை உடைத்துச் சலித்தது, அல்லது வால்நட் ஓட்டுத் தூள். இன்னொரு பக்கம் தண்ணீரோடு ஓடும் ஸ்டெயின்லெஸ் பின்.

சக்கையின் நல்ல பக்கத்தைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை, இரண்டு வருஷம் எனக்குச் சோறு போட்டது அது. விலை மலிவு. எண்ணெயை உறிஞ்சும், ஈரத்தையும் உறிஞ்சும், அதனால் தனியாகக் காய வைக்க வேண்டாம். வால்நட் ஓடு கொஞ்சம் கூடுதலாகத் தேய்க்கும், கறையை எடுக்கும், சக்கை மினுக்கும். முதலில் வால்நட், பிறகு சக்கை என்று இரண்டு கட்டமாக ஓட்டினால் வரும் பளபளப்பு அருமையாக இருக்கும். சக்கையோடு சேர்க்கும் பாலிஷ் பேஸ்டின் மெழுகு மெல்லிய படலமாக ஜாப் மேல் தங்குவதால் அந்த மினுக்கு மாதக்கணக்கில் நிற்கும். இந்த ஒரு விஷயத்தில் பின் இதற்குத் தோற்றுப் போகும், அதைப் பின்னால் சொல்கிறேன்.

தூசி ஒரு தொல்லை. அதைச் சின்ன விஷயம் என்று விட முடியாது, ஏனென்றால் லேத்தில் சுலபமாக வெட்டுப்பட வேண்டும் என்பதற்காகப் பித்தளை ராடில் சுமார் 3 சதவீதம் ஈயம் சேர்த்திருப்பார்கள். சக்கையைச் சலிக்கும்போது பறக்கும் தூசியில் அதுவும் இருக்கிறது. முகக்கவசம் இல்லாமல், மூடிய அறைக்குள் யாரும் சலிக்கக் கூடாது.

என்னை மாற வைத்தது தூசி அல்ல. காற்றழுத்தக் குழாய்களுக்கான ஒரு நிப்பிள். 4 மில்லி போர் (நடுத்துளை), 18 மில்லி ஆழம், அடிப்பக்கம் மூடியது. பக்கவாட்டில் 2.5 மில்லித் துளை ஒன்று வந்து போரில் சேரும். வெளியே மரை. சக்கையில் ஓட்டி, சலித்து, காற்று அடித்து, ஜம்மென்று பாக்கெட் போட்டு அனுப்பினோம். பத்தாம் நாள் மொத்த லாட்டும் திரும்பி வந்தது. காற்று போகவில்லை. ஒன்றை எடுத்து நெடுக்காக அறுத்துப் பார்த்தேன். போரின் அடியில் சக்கை, கட்டிங் ஆயில், பாலிஷ் பேஸ்ட் மூன்றும் சேர்ந்து புண்ணாக்கு மாதிரி இறுகிக் கிடந்தது. பக்கத் துளையில் இரண்டு சக்கை மணிகள் தோளோடு தோள் சேர்ந்து மாட்டிக்கொண்டிருந்தன. அந்தச் சக்கை 14-20 மெஷ், அதாவது மணி ஒன்று சுமார் 0.85 முதல் 1.4 மில்லி வரை. 2.5 மில்லித் துளைக்கு இதைவிடப் பொருத்தமான அடைப்பைத் தேடிப் போனாலும் செய்ய முடியாது. எண்ணெய் உறிஞ்சி உப்பிய பிறகு காற்று அடித்தாலும் அசையவில்லை. ஆயிரத்துச் சொச்சம் நிப்பிளை ஊசியும் கம்பியும் வைத்துக் குத்தி எடுத்தோம். வீட்டிலிருந்து மனைவியும் மச்சினனும் வந்து உட்கார்ந்தார்கள். மூன்று நாள்.

அதற்குப் பிறகு எந்த மீடியாவைப் பார்த்தாலும் நான் முதலில் கேட்பது, இது எவ்வளவு மினுக்கும் என்பதல்ல. வேலை முடிந்ததும் இது ஜாப்பை விட்டு எப்படி வெளியேறும் என்பதுதான். ஒரு கணக்கு வைத்திருக்கிறேன். மீடியா, துளையின் விட்டத்தில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவாக இருக்க வேண்டும். இல்லையென்றால் துளைக்குள் நுழையவே முடியாத அளவுக்குப் பெரிதாக இருக்க வேண்டும். பாதி விட்டத்தில் இருப்பதுதான் ஆபத்து, இரண்டிரண்டாக வந்து ஆப்பு அடித்தாற்போல் உட்காரும். பொடியான சக்கை, 20-40 மெஷ், கணக்குக்குப் பொருந்தும்தான். ஆனால் மூடிய துளையில் எண்ணெயோடு சேர்ந்தால் அதுவும் இறுகிவிடுகிறது.

இங்கேதான் பின் ஜெயிக்கிறது. நான் வைத்திருப்பது 0.5 மில்லி தடிமன், 5 மில்லி நீளம். பார்க்க உடைந்த குண்டூசித் துண்டு மாதிரி இருக்கும். மெலிதாக இருப்பதால் மரையின் பள்ளத்துக்குள், பக்கத் துளைக்குள், போரின் அடிவரைக்கும் போய்த் தேய்க்கும். சக்கை வெளிப்புறத்தை மட்டும் மினுக்கும், பின் உள்ளேயும் மினுக்கும். உள்ளே போன பின்கள் எப்படி வெளியே வரும்? காந்தம். 304 ரக ஸ்டெயின்லெஸ் பொதுவாகக் காந்தத்தில் ஒட்டாது என்பார்கள். ஆனால் கம்பியாகக் குளிர் நிலையில் இழுக்கும்போது அதன் உள்ளமைப்பு கொஞ்சம் மாறி, காந்தத்துக்கு இழுபடத் தொடங்கும். பித்தளையோ காந்தத்தைக் கண்டுகொள்ளவே கொள்ளாது. ஜாப்பையும் பின்னையும் ஒரு தட்டில் கொட்டிக் காந்தத்தைக் காட்டினால், பின் மட்டும் முள்ளம்பன்றி மாதிரி சிலிர்த்துக்கொண்டு மேலே வந்து ஒட்டும்.

உள்ளே ஒன்று தங்கியிருந்தாலும் காட்டிக் கொடுத்துவிடும். நிப்பிளைக் காதுப் பக்கம் பிடித்து, வெளியே காந்தத்தை மெல்ல நகர்த்தினால், உள்ளே பின் நகரும் சத்தம் கிணுகிணுவென்று கேட்கும். அப்படியே வாய்ப்பக்கம் இழுத்தால் வந்துவிடும். சக்கையில் இந்த வசதி இல்லவே இல்லை. உள்ளே இருக்கிறதா இல்லையா என்பதே தெரியாது.

வாங்கும்போது கையில் ஒரு காந்தம் கொண்டுபோங்கள். ஒட்டாத பின்னை வாங்காதீர்கள். 316 ரகம் என்று உயர்வாகச் சொல்லி விற்பார்கள், துருப்பிடிக்காது என்பது உண்மை, ஆனால் காந்தத்துக்கு அவ்வளவாக வராது, நமக்கு அதில் பாதிப் பயன் போய்விடும். காந்தத்தில் பட்டென்று ஒட்டினாலும் சந்தேகப்பட வேண்டும், சாதா இரும்பாக இருக்கலாம். நாலு பின்னை உப்புத் தண்ணீரில் ஒரு ராத்திரி போட்டு வைத்தால் தெரிந்துவிடும். புதுப் பின்னின் வெட்டு முனையில் கூர் இருக்கும். ஜாப் போடாமல் சோப்புத் தண்ணீரில் நாலைந்து மணி நேரம் தனியாக ஓட்டினால் முனை மழுங்கும். இதைச் செய்யாமல் போட்டால் ஜாப்பில் புள்ளி புள்ளியாகக் கீறல் விழும். ஒரு தடவை வாங்கினால் போதும். மூன்று வருஷமாக அதே பின்தான் ஓடுகிறது, குறைந்ததெல்லாம் தரையில் சிந்தியதுதான். சக்கையை அழுக்கேறிக் கறுத்தவுடன் மாற்றியாக வேண்டும்.

காம்பவுண்ட் விஷயத்துக்கு வருகிறேன். எண்ணெய் போகப் பாத்திரம் கழுவும் திரவ சோப்பு கொஞ்சம், கறை போக நாலு லிட்டர் தண்ணீருக்கு அரை டீஸ்பூன் சிட்ரிக் ஆசிட். மளிகைக் கடையில் லெமன் சால்ட் என்று கேட்டால் கொடுப்பார்கள். இதற்கு மேல் ஆசை வேண்டாம். ஒருமுறை இரண்டு ஸ்பூன் போட்டு ராத்திரி முழுக்க ஓடவிட்டேன், காலையில் ஜாப் எல்லாம் ரோஜா நிறத்தில் வந்தது. மேல்தோலில் இருந்த துத்தநாகம் கரைந்துபோய்ச் செம்பு மட்டும் மிஞ்சிய நிறம் அது. இரண்டு மணி நேரம் போதும். அதிக நேரம் ஓடினால் ஜாப்போடு ஜாப் மோதி மரையின் உச்சியும் மழுங்கும். மரையின் அளவு பார்க்கும் ரிங் கேஜ் போட்டுப் பார்க்காமல் நேரத்தைக் கூட்டக் கூடாது.

அம்மோனியா கலந்த பாலிஷ் திரவத்தைப் பாரலில் ஊற்றவே ஊற்றாதீர்கள். வீட்டுப் பித்தளைக்கு விற்கும் பாலிஷ் பலவற்றில் அது இருக்கிறது. பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தில், மழைக்காலத்தில் குதிரை லாயங்களில் வைத்திருந்த தோட்டாக்களின் பித்தளைக் கூடுகள் தாமாகவே விரிசல் விட்டன. 1921-ல்தான் காரணம் விளங்கியது. குதிரை மூத்திரத்திலிருந்து எழும் அம்மோனியாவும், இழுத்து வடிவமைத்த பித்தளைக்குள் தங்கியிருந்த இறுக்கமும் சேர்ந்து செய்த வேலை. நாம் வாங்கும் ராடும் இழுத்து எடுத்ததுதான், அதற்குள்ளும் அதே இறுக்கம் உண்டு. இன்று பளபளவென்று போகும் நிப்பிள் ஆறு மாதம் கழித்து வாடிக்கையாளர் இடத்தில் விரிசல் விட்டால் யார் பதில் சொல்வது?

இனி, பின் தோற்கும் இடம். தண்ணீரில் ஓடிய ஜாப்பை உடனே கழுவி உடனே காய வைக்க வேண்டும். எங்கள் போர்வெல் தண்ணீரில் கடைசிக் கழுவல் செய்தபோது ஒவ்வொன்றிலும் வெள்ளை வெள்ளையாக உப்புத் திட்டு. இப்போது கடைசிக் கழுவலுக்கு மட்டும் சிறுவாணித் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்கிறோம், அதுவும் சூடாக. சூடான ஜாப் தானாகவே சீக்கிரம் காயும். மேலே மெழுகுப் படலம் எதுவும் இல்லாததால் நிறம் மங்குவதும் வேகம். கை ரேகை பட்டால் மறுநாளே தெரியும். உடனே மேற்பூச்சுக்குப் போகும் ஜாப்புக்கு இது பிரச்சினையே இல்லை, வெறும் பித்தளையாகவே அலமாரியில் நிற்க வேண்டியதற்குப் பிரச்சினைதான். அழுக்குத் தண்ணீரில் செம்பும் ஈயமும் இருக்கும். சாக்கடையில் விடாமல் தனி டிரம்மில் சேர்க்கிறோம்.

எஃகு ஜாப்புக்குப் பின்னைப் பரிந்துரைக்க மாட்டேன், ஜாப்பும் பின்னும் சேர்ந்தே காந்தத்தில் ஒட்டும், பிரிக்கும் சுகமே போய்விடும். அதற்குச் செராமிக்தான். துளையே இல்லாத குமிழ், பட்டன், கைப்பிடி மாதிரி ஜாப்புக்கு இன்றும் நான் சக்கையைத்தான் போடுகிறேன். உள்ளே போக வழியில்லாத இடத்தில் அதன் பெரிய குறை இல்லை, மெழுகு மினுக்கு வேறு கிடைக்கிறது. இணையத்தில் கிடைக்கும் வீடியோக்களில் பெரும்பாலானவை அமெரிக்காவில் தோட்டாக் கூடுகளைக் கழுவி மறுபடி பயன்படுத்துபவர்கள் போட்டவை. நல்ல தகவல்கள்தான், ஆனால் அந்தக் கூடு ஒரு பக்கம் அகலமாகத் திறந்தது, மெல்லிய சுவர். அவர்கள் சொல்லும் பின் அளவையும் நேரத்தையும் நம் நிப்பிளுக்கு அப்படியே எடுக்காமல், முதலில் பத்து ஜாப் மட்டும் போட்டு ஓட்டிப் பாருங்கள்.

பாக்கெட் போடும் மேசைக்கு நேர் மேலே ஒரு டியூப் லைட் மாட்டியிருக்கிறோம். ஒவ்வொரு நிப்பிளையும் அதை நோக்கித் தூக்கி, பக்கத் துளை வழியாகப் பார்க்கிறோம். போருக்குள் வெளிச்சம் தெரிந்தால்தான் அது பாக்கெட்டுக்குள் போகும்.