‘கோஸ்ட் டவுன்’ 40ஆம் ஆண்டுப் பதிப்பு: பின்பக்கத்துக்காகவே வாங்கலாம்

பிரிட்டிஷ் இசைக்குழுவான தி ஸ்பெஷல்ஸின் ‘கோஸ்ட் டவுன்’ (ஆளற்ற ஊர்) பாடலுக்கு நாற்பது ஆண்டுகள் நிறைந்ததையொட்டி, 2021இல் டூ டோன் என்ற இசை நிறுவனத்தின் முத்திரையுடன் 12 அங்குல இசைத்தட்டு ஒன்று மறுபதிப்பாக வந்தது. இணையத்தில் காசில்லாமல் கிடைக்கும் பாட்டுக்குத் தட்டு எதற்கு என்று கேட்பது நியாயம்தான். ஆனால், தொகுப்புகளில் பெரும்பாலும் முன்பக்கப் பாட்டு மட்டுமே இடம்பெறுகிறது. பாதிக் கதை பின்பக்கத்தில் இருக்கிறது.

முன்பக்கம் பலரும் அறிந்ததே. 1981 ஜூனில் வெளியான இப்பாடல் ஜூலையில் மூன்று வாரங்கள் பிரிட்டிஷ் தரவரிசையில் முதலிடம் வகித்தபோது, லிவர்பூலின் டாக்ஸ்டெத்திலும் மான்செஸ்டரின் மாஸ் சைடிலும் கலவரம் வெடித்திருந்தது. எனினும், கலவரத்தைப் பார்த்து எழுதிய பாட்டல்ல இது. கிளாஸ்கோ தெருக்களில் மூதாட்டிகள் தம் வீட்டுக் கோப்பைகளையும் தட்டுகளையும் விற்றுக்கொண்டிருந்ததை இசைப்பயணத்தின்போது கண்டவர், இதை எழுதிய குழு உறுப்பினர் ஜெர்ரி டாமர்ஸ். அவருடைய ஊரான கொவென்ட்ரியிலோ கார் ஆலைகள் ஆட்களை வெளியேற்றிக்கொண்டிருந்தன. இளைஞர்களை அரசு கைவிட்டதை ஒரே வரியில் சொல்லிவிட்டு, மிச்சத்தை ஊளையிடும் காற்றோசையிடமும் ஆர்கனிடமும் அவர் ஒப்படைத்துவிடுகிறார். கோஷம் போட்டிருந்தால் இந்தப் பாட்டு அந்த ஆண்டோடு போயிருக்கும் என்பது என் எண்ணம்.

தட்டை வெட்டும் கருவியைப் பாதி வேகத்தில் ஓட்டித் தயாரித்த பதிப்பு இது. மூலப்பதிவே எட்டே ஒலித்தடங்களில் சிறிய ஸ்டூடியோவில் நடந்ததால் பிரம்மாண்டத்தை எதிர்பார்க்க வேண்டாம்; அந்த நெருக்கடியான ஒலிதான் பாட்டுக்குப் பொருந்துகிறது. 12 அங்குலத் தட்டிலுள்ள நீண்ட வடிவத்தில் ரிக்கோ ரோட்ரிகஸின் டிராம்போன் என்னும் ஊதுகருவி அவசரமின்றி அலைகிறது.

இனிப் பின்பக்கம். 1980இல் நிறவெறியர்களிடம் அடிபட்ட குழுவின் கிட்டார் கலைஞர் லின்வல் கோல்டிங், தன்னைத் தாக்கியவர்களையே நோக்கி ‘வொய்?’ (ஏன்?) பாட்டில் கேள்வி கேட்கிறார். அவர் குரலில் கோபத்தைவிடத் திகைப்பே மிகுதி. கொவென்ட்ரியில் இந்திய வம்சாவளி மாணவர் ஒருவர் கொல்லப்பட்ட பின், இப்பாடல் வெளியான அதே ஜூனில் குழு அங்கே இன ஒற்றுமைக்காக இசைவிழா நடத்தியது என்பதையும் சேர்த்துக் கேட்டால், அந்தக் கேள்வி ஒருவருடையது மட்டுமல்ல என்பது விளங்கும். அடுத்து வரும், குழுவின் பாடகர் டெர்ரி ஹாலின் பாட்டில், வார இறுதிக் கொண்டாட்டம் டாக்ஸி வரிசையில் போய் முடிகிறது. வேலையில்லாத ஊரைப் பற்றிய பாட்டோடு, வேலைக்குப் போகிறவனின் சலிப்பையும் ஒரே தட்டில் வைத்தது நல்ல முடிவு.

7 அங்குலப் பதிப்பும் உண்டு. அதில் டிராம்போன் பகுதி சுருங்கிவிடுவதால், 12 அங்குலத்தையே பரிந்துரைக்கிறேன். குழுவின் முதல் இசைத்தொகுப்பிலுள்ள ஸ்கா என்னும் ஜமைக்கத் துள்ளலிசையைத் தேடுபவர்களுக்கு இது உகந்ததல்ல.